2.08-இன் வர்க்கமூலம்

எனக்குக் கோபம் மூக்கு நுனியில் இருக்கும். என் தையல் கடைக்கு வருகிறவர்களைக் கேட்டால் சொல்வார்கள். என் வீட்டுக்காரரைக் கேட்கவே வேண்டாம். அன்றைக்கு அந்தக் கோபத்தை ஆஸ்பத்திரி மருந்தகத்து மனிதர் ஒருவர் மேல் கொட்டினேன். இன்றைக்கு நான் உயிரோடு இருப்பது அவரால்தான்.

மார்பில் புற்றுநோய்க் கட்டி. அறுவை முடிந்து, முதல் தவணை மருந்து ஏற்றப் போயிருந்தோம். காலை எட்டு மணிக்கே கையில் ஊசியைக் குத்தி, சலைனை மாட்டிவிட்டார்கள். பதினொன்றரை வரை மருந்துப் பை வரவில்லை. எனக்குப் பின்னால் வந்த இரண்டு பேருக்கு மருந்து இறங்கிக்கொண்டிருந்தது. சிஸ்டரை மூன்று முறை கேட்டேன். கம்ப்யூட்டர் காலையிலிருந்து படுத்துவிட்டது, எல்லாம் கைக்கணக்குத்தான், உங்கள் சீட்டு ‘பென்சிலிடம்’ இருக்கிறது என்றார். பென்சில் என்பது மருந்து கலப்பவருக்கு அவர்கள் வைத்த பெயர். யார் போட்ட கணக்கானாலும் தான் ஒரு தடவை பென்சிலால் போட்டுப் பார்க்காமல் பாட்டிலைத் தொடமாட்டாராம்.

வீட்டுக்காரர் பொறு பொறு என்று என் புடவைத் தலைப்பைப் பிடித்தார். உதறிவிட்டு, சலைன் கம்பியை உருட்டிக்கொண்டு மருந்தக ஜன்னலுக்குப் போனேன். உள்ளே நாற்பது வயது மதிக்கத்தக்க ஒருவர் தலையைக் குனிந்து எழுதிக்கொண்டிருந்தார்.

“நான் இங்க சுருண்டு விழப்போறேன், நீங்க உக்காந்து வீட்டுப்பாடம் எழுதிட்டு இருக்கீங்களா?” என்றேன். இன்னும் நிறையச் சொன்னேன். அதையெல்லாம் எழுத எனக்கே வெட்கமாக இருக்கிறது.

அவர் நிமிர்ந்து என்னை உச்சி முதல் பாதம் வரை பார்த்தார். துணிக்கு அளவெடுக்குமுன் நான் பார்க்கும் பார்வை. எடை நாற்பத்தெட்டுதானே, உயரம் நூற்றைம்பத்தாறுதானே என்று கேட்டார். பார்த்தால் தெரியவில்லையா என்று அதற்கும் ஒரு கடி கடித்தேன். அவர் போனை எடுத்து டாக்டரைக் கூப்பிட்டார்.

டாக்டர் சின்ன வயதுக்காரர். ஓடி வந்தார், காகிதத்தைப் பார்த்தார், முகத்தில் ரத்தமே இல்லை. என்னவோ நடந்திருக்கிறது என்று எனக்கு அப்போதுதான் உறைத்தது. வாயை மூடிக்கொண்டேன்.

பென்சில்காரர் காகிதத்தை ஜன்னல் வழியாக என் பக்கம் திருப்பி, மறைக்காமல் சொன்னார். இந்த மருந்தை உடம்பின் மேல்பரப்பை வைத்துத்தான் அளக்கிறார்கள். உயரத்தையும் எடையையும் பெருக்கி, 3600-ஆல் வகுத்து, வருவதற்கு வர்க்கமூலம் எடுக்க வேண்டும். எனக்கு 7488, வகுத்தால் 2.08. டாக்டர் மேசைக் கால்குலேட்டரில் போட்டிருக்கிறார். அதில் வர்க்கமூலம் எடுக்கும் பொத்தான் தேய்ந்துபோனது. அழுத்தியிருக்கிறார், அது வேலை செய்யவில்லை. திரையில் நின்ற 2.08-ஐயே விடை என்று சீட்டில் எழுதிவிட்டார். ஆறடி ஆளுக்கு அது சரியான எண்தான். அதனால் யார் கண்ணையும் உறுத்தவில்லை.

கீழே அவருடைய கணக்கு இருந்தது. புள்ளியிலிருந்து இரண்டு பக்கமும் இரண்டிரண்டு இலக்கமாகப் பிரித்திருந்தார்: 2, 08, 00, 00. இரண்டுக்குள் ஒன்று, மீதி ஒன்று. 08-ஐ இறக்கினால் 108. விடையை இரட்டித்து, பக்கத்தில் நாலு வைத்து, 24-ஐ நாலால் பெருக்கி 96. மீதி 12, இறக்கினால் 1200. மறுபடி இரட்டித்து, 284 நாலு தடவை 1136. அடுத்து வந்தது இரண்டு. 1.442.

“அப்ப அந்த ரெண்டு புள்ளி சொச்சம் எனக்குள்ள போயிருந்தா?” என்றேன்.

“கிட்டத்தட்ட ஒன்றரை மடங்கு மருந்து, அக்கா. சில பேர் தாங்கிடுவாங்க. இந்த உடம்பு தாங்கியிருக்காது.”

அவர் பென்சிலை என்னிடம் நீட்டி, நீங்களும் ஒரு தடவை பெருக்கிப் பாருங்கள் என்றார். ஊசி குத்தாத கையால் 1.44-ஐ அதாலேயே பெருக்கினேன். எழுத்து கோணல்மாணலாக வந்தது. 2.0736. ஒரு துளி குறைகிறதே என்றேன். அதுதான் பின்னால் நிற்கும் அந்த இரண்டு என்றார். என் கண்ணீர் காகிதத்திலேயே விழுந்துவிட்டது.

“தம்பி, நான் பேசினதெல்லாம் தப்பு. உங்களுக்கு எப்படி நன்றி சொல்றதுன்னு தெரியல.”

“நானும் தப்பு பண்றவன்தான்கா. நீங்க பெருக்கிப் பாத்தப்புறம்தான் எனக்கே நிம்மதி.”

டாக்டர் என்னிடம் மன்னிப்புக் கேட்டார். எனக்கே ஆச்சரியம், கோபம் வரவில்லை. அளவு எடுத்து வைத்துக்கொண்டே துணியைத் தப்பாக வெட்டியவள்தானே நானும். அந்தக் கால்குலேட்டரைக் குப்பையில் போடுங்கள் என்று மட்டும் சொன்னேன். போட்டார்கள்.

அரை மணியில் பை வந்தது. மேலே ஒட்டியிருந்த தாளில் 1.44. சிஸ்டர் குழாயைத் திறந்தார். பயந்து நடுங்குவேன் என்று நினைத்திருந்தேன். அப்படியே தூங்கிப்போகலாம் போலிருந்தது.

திரும்பிப் பார்த்தால் வீட்டுக்காரரைக் காணோம். காலையிலிருந்து ஒரு வார்த்தை அதிகம் பேசாத மனிதர். கொஞ்ச நேரத்தில் சிஸ்டர் சிரிப்பை அடக்கிக்கொண்டு வந்தார். மருந்தக ஜன்னலுக்குள் கையை விட்டுப் பென்சில்காரர் கையைப் பிடித்தவர் இன்னும் விடவில்லையாம், அழுகிறாராம். அடுத்த பையைக் கலக்க வேண்டியிருக்கிறது, நீங்கள்தான் ஏதாவது சொல்லியனுப்ப வேண்டும் என்றார்.

“இன்னும் ஒரு நிமிஷம் பிடிச்சுக்கட்டும் சிஸ்டர்,” என்றேன்.