அப்பாவின் லெவல்

ஞாயிற்றுக்கிழமை காலை ஒன்பது மணிக்கு அண்ணன் போன் செய்வான். சாப்பிட்டாயா, தூங்கினாயா எல்லாம் அப்புறம்தான். முதல் கேள்வி, "அப்பா எத்தனை?"

நான் அப்பாவின் போனில் பார்த்துச் சொல்லும் எண்ணை அம்மா, காய்ச்சல் பார்த்துச் சொல்கிற நர்ஸ் மாதிரி, ஒப்பிப்பாள். "ஆயிரத்து முந்நூத்தி நாப்பத்தி நாலு." போன வாரத்தைவிடப் பதினெட்டு கூட. "சரி" என்பான் அண்ணன். அந்தச் சரியில் அப்பாவுக்கு இன்னும் ஒரு வாரம் வீட்டில் இருக்க அனுமதி கிடைத்துவிடும்.

அந்த எண், அப்பா மொபைலில் ஆடுகிற கலர் கல் ஆட்டத்தின் லெவல். ஒரே நிறக் கல் மூன்றை வரிசையாகச் சேர்த்தால் வெடித்து மறையும். ஒரு கட்டத்தை முடித்தால் அடுத்த லெவல். அப்பா ஓய்வு பெற்ற பிறகு பொழுது போகாமல் ஆரம்பித்தது. அதற்கு முன் முப்பத்து நாலு வருடம் லிப்ட் மெக்கானிக். லிப்ட் கதவில் காதை வைத்தே எந்த உருளை தேய்ந்திருக்கிறது என்று சொல்லிவிடுவார். பிரித்துப் பார்த்தால் அதேதான் இருக்கும்.

அப்புறம் மறதி வந்தது. முதலில் சாவி, பிறகு பக்கத்து வீட்டுக்காரர் பெயர், பிறகு குளியலறைக் குழாயை எந்தப் பக்கம் திருப்புவது என்பது. வயசானால் வருவதுதான் என்று நானும் அம்மாவும் ஒருவரையொருவர் சமாதானப்படுத்திக்கொண்டோம். நாலு மாதத்துக்கு முன் பால் வாங்கப் போனவர் திரும்பவில்லை. இரண்டு தெரு தள்ளி ஒரு ஒன்பது மாடிக் கட்டடத்தின் லிப்டுக்குள் மத்தியானம் கண்டுபிடித்தோம். காலையிலிருந்து மேலேயும் கீழேயுமாகப் போய்க்கொண்டிருந்திருக்கிறார். ஒவ்வொரு மாடியிலும் கதவு திறக்கும், எட்டிப் பார்ப்பார், தன் வீடு இதுதானா என்று தெரியாமல் உள்ளேயே நின்றுவிடுவார். பேன்ட் நனைந்திருந்தது. எங்கள் வீடு தரைத்தளத்தில் இருக்கிறது.

அண்ணன் தன் ஊரில் ஒரு முதியோர் இல்லம் பார்த்துவிட்டான். "ஒரு படுக்கை காலியா இருக்கு. நல்லா பார்த்துப்பாங்க" என்றான்.

நான் பல் டாக்டரிடம் உதவியாளர். நாள் முழுக்க அடுத்தவர் வாயைத் திறக்க வைப்பது என் வேலை. வீட்டில் என் வாயை மூட வைக்க ஆளில்லை. அன்றைக்கு அண்ணனைப் போனிலேயே பிடித்து உலுக்கிவிட்டேன். "நான் அதே ஆட்டத்தை ஆடி இருநூத்திப் பன்னெண்டுல முட்டிக்கிட்டு, கடுப்புல தூக்கிப் போட்டவ. அவர் ஆயிரத்தைத் தாண்டிட்டார். இப்ப யாருக்கு மூளை கெட்டுப் போச்சுங்கற? ஒரு நாள் வழி தவறிட்டா உடனே கொண்டுபோய்த் தள்ளிடுவியா?"

கடைசியில், "சரி, அந்த நம்பர் ஏறுற வரைக்கும் அங்கேயே இருக்கட்டும். நின்னுச்சுன்னா அப்புறம் பேச்சே கிடையாது" என்றான். எண்ணைக் கையில் வைத்திருப்பவள் நான் என்கிற திமிரில் சரி என்றேன்.

காலை எட்டரைக்குக் கிளம்பினால் ஆறு மணிக்குத்தான் திரும்புவேன். அப்பா ஜன்னலோரம் நாற்காலியில் போனோடு உட்கார்ந்திருப்பார். டொக்... டொக்... என்று கல் நகரும் சத்தம் வரும். காய் நறுக்கிக்கொண்டே கேட்பேன். அந்தச் சத்தம் இருக்கும்வரை அப்பாவுக்கு ஒன்றுமில்லை என்று என் மனம் நிம்மதியாக இருக்கும்.

அம்மா அந்தப் போன் பக்கமே வரமாட்டாள். "எனக்கு இந்தக் கருமமெல்லாம் தெரியாதுடி" என்பாள். அழைப்பு வந்தால்கூட என்னிடம் நீட்டுவாள். அவளுக்கு வேறு ஒரு தொந்தரவு: வலது கட்டைவிரல் வீங்கிக் கிடந்தது. துணி பிழிந்து பிழிந்து இப்படி ஆக்கிக்கொள்கிறாய் என்று தினமும் திட்டிக்கொண்டே தைலம் தேய்த்துவிடுவேன். அவளும் வாங்கிக் கட்டிக்கொள்வாள்.

போன மாதம் அப்பாவின் போனில் பேட்டரி உப்பி, பின்மூடி பிளந்துகொண்டது. அண்ணன் புதுப் போன் வாங்கி அனுப்பினான். பழையதைக் காட்டப் போனபோது எங்கள் தெருப் போன் கடைக்காரர், "எல்லாம் தானா வந்துடும்மா. ஆட்டத்தை மட்டும் தனியா மாத்தணும், பார்த்துச் செய்யுங்க" என்று எச்சரித்தார். "தெரியும்" என்றேன். அம்மா எனக்குச் சின்ன வயதில் வைத்த பெயர் அவசரக்குடுக்கை. சும்மா வைக்கவில்லை.

சனிக்கிழமை அரை நாள் விடுமுறை. சாப்பாட்டுத் தட்டைக் கழுவி வைத்துவிட்டு இரண்டு போன்களையும் எடுத்து உட்கார்ந்தேன். போட்டோக்கள், நம்பர்கள் எல்லாம் வந்துவிட்டன. புதுப் போனில் ஆட்டத்தைத் திறந்தேன். லெவல் ஒன்று என்றது. அப்பா எந்தக் கணக்கிலும் சேராமலே இத்தனை நாள் ஆடியிருக்கிறார் என்பது அப்போதுதான் தெரிந்தது. அதனால் என்ன என்று அவருடைய மெயிலைப் போட்டுப் புதுப் போனில் கணக்கைத் தொடங்கினேன். அப்புறம் பழைய போனிலும் அதே மெயிலைப் போட்டேன். ஒரு கேள்வி வந்தது. எந்த ஆட்டத்தை வைத்துக்கொள்வது? கணக்கில் இருப்பதா, இந்தப் போனில் இருப்பதா?

போன்தான் கெட்டுப் போகிற பொருள், கணக்குதான் பத்திரம் என்று எனக்குள் ஒரு எண்ணம். கேள்விக்குக் கீழே பொடி எழுத்தில் லெவல் எண்கள் இருந்தன. நான் படிக்கவில்லை. கணக்கு என்று அழுத்தினேன்.

பழைய போனிலும் லெவல் ஒன்று என்று வந்தது.

அணைத்துப் போட்டேன், அழித்து மறுபடி ஏற்றினேன், கடைக்காரருக்குப் போன் செய்தேன். "கணக்குல இருந்ததே ஒண்ணாம் லெவல்தானேம்மா. நீங்க அதையே வச்சுக்கறேன்னு சொல்லிட்டீங்க. இனி ஒண்ணும் பண்ண முடியாது" என்றார். ஆயிரத்து முந்நூற்று ஐம்பத்திரண்டு லெவலும் ஒரு விரல் தட்டலில் போய்விட்டது.

சரி, ஆடத் தெரிந்த கை இருக்கிறதே என்று மனதைத் தேற்றிக்கொண்டு அப்பாவிடம் போனேன். "அப்பா, ஒரு தப்பு பண்ணிட்டேன். முதல்லேர்ந்து ஆடணும். உங்களுக்கு இதெல்லாம் ஜுஜுபி" என்று புதுப் போனைக் கையில் கொடுத்தேன்.

முதல் லெவலில் எந்தக் கல்லை எங்கே நகர்த்துவது என்று ஒரு வெள்ளைக் கை படம் காட்டிக் கொடுக்கும். மூன்று வயதுக் குழந்தைகூட ஆடிவிடும். அப்பா அந்தக் கையையே பார்த்துக்கொண்டிருந்தார். மெதுவாகத் தடவிக் கொடுத்தார்.

"யாரு கை இது?" என்று கேட்டார்.

"அது சும்மா படம்ப்பா. அந்தச் சிவப்புக் கல்லை இழுங்க."

எதையோ இழுத்தார். டொக். கல் போன வேகத்தில் தன் இடத்துக்கே திரும்பியது. மறுபடி இழுத்தார். டொக். அப்புறம் போனைக் காதில் வைத்துக் கொஞ்ச நேரம் கேட்டார். மடியில் வைத்துவிட்டார்.

நான் எடுத்து, கை காட்டிய கல்லை நகர்த்தினேன். சலசலவென்று மணி கொட்டியது போல ஒரு சத்தம். மூன்று கல்லும் வெடித்து மறைந்தன. நான் ஆடிய நாளில் கேட்ட சத்தம்தான்; எங்கள் வீட்டுச் சாயங்காலங்களில் இதைக் கேட்டு மாதக்கணக்காகிவிட்டது என்பது அப்போதுதான் உறைத்தது. நான் காய் நறுக்கிக்கொண்டே கேட்டதெல்லாம் டொக், டொக். அது கல் சேராமல் திரும்பி வரும் சத்தம். தப்பாக ஆடும்போது மட்டும் வரும் சத்தம்.

திரும்பினால் அம்மா துணிக் கூடையோடு வாசலில் நிற்கிறாள்.

"முழுசும் போச்சா?" என்றாள். குரலே சரியில்லை.

"ஆமா."

கூடையை வைத்துவிட்டு அப்படியே தரையில் உட்கார்ந்தாள். உட்கார்ந்து அழுதாள். ஒரு விளையாட்டுக்காக இப்படி அழுகிறாளே என்று ஒரு கணம்தான் நினைத்தேன். அவள் வலது கட்டைவிரல் கண்ணில் பட்டது.

"அம்மா, நீயா?"

"எழுநூத்திப் பதினொண்ணு வரைக்கும் அவர்தான்டி. அதுக்கு மேல ஓடல. 'என்னப்பா, இன்னும் அதே லெவலா'ன்னு ஒரு நாள் நீ சிரிச்ச. அவர் முகம் செத்துப் போச்சு. அன்னிக்கு அவர் தூங்கினப்புறம் நான் ஒண்ணு ஆடிக் கொடுத்தேன். ஒண்ணே ஒண்ணுன்னுதான் நினைச்சேன்." மூக்கைத் துடைத்துக்கொண்டாள். "அப்புறம் அந்த லிப்ட் விஷயம் நடந்துச்சு. நீயும் உன் அண்ணனும் நம்பரை வச்சு பேசி முடிச்சிட்டீங்க. நான் எங்க நிறுத்தறது?"

ஒன்பது மாதம். நான் வேலைக்குப் போனதும், அப்பா மதியம் தூங்கும்போது, என் அம்மா, போனை எடுக்கவே தெரியாது என்று என் காதில் பூச்சுற்றிய அம்மா, ஒரு நாளைக்கு இரண்டு மூன்று லெவல் ஆடியிருக்கிறாள். சிலது ஒரு மணி நேரம் பிடிக்குமாம். நான் இருநூற்றுப் பன்னிரண்டில் விட்டெறிந்த ஆட்டம். அந்த எண்ணைத்தான் அண்ணன் முகத்தில் தூக்கி எறிந்து அடித்துப் பேசியிருக்கிறேன். எனக்கு வெட்கமாக இருந்தது. அதைவிட அப்பாவை நினைத்துத்தான் அதிகமாகப் பயமாக இருந்தது. ஒன்பது மாதமாக அவர் எங்கே இருந்தார் என்று நான் ஒரு நாளும் பார்க்கவில்லை.

விரலுக்குத் தைலம் தேய்த்தேன். அன்றைக்குத் திட்டவில்லை. "நாளைக்கு ஆயிரத்து முந்நூத்தி அறுபதுன்னு சொல்லிடலாம். அவன் என்ன ஓடி வந்து பார்க்கவா போறான்? வாராவாரம் ஒரு நம்பர், அவ்வளவுதானே. இனிமே ஆடக்கூட வேணாம்" என்றேன்.

ஜன்னலோரம் அப்பா அந்த வெள்ளைக் கையைத் தடவிக்கொண்டே இருந்தார்.

மறுநாள் காலை ஒன்பது மணிக்குப் போன் வந்தது. ஸ்பீக்கரில் போட்டேன்.

"அப்பா எத்தனை?"

நான் வாயைத் திறந்தேன். அம்மா கையைக் காட்டி நிறுத்தினாள்.

"ஒண்ணு" என்றாள்.

"என்னம்மா?"

"ஒண்ணுடா. எல்லாம் அழிஞ்சு போச்சு. அவருக்கு ஒண்ணாம் லெவலே ஆட வரல. இத்தனை நாள் ஆடினது நான்தான். போன வியாழக்கிழமை நான் கொல்லைப் பக்கம் இருந்தப்ப கேஸ் அடுப்பைப் பத்த வைக்காம திறந்து விட்டுட்டு நின்னார். இவகிட்டகூடச் சொல்லல. மறுபடி ஒண்ணுலேர்ந்து ஏற என்னால முடியாதுடா."

அந்தப் பக்கம் அண்ணன் மூக்கை உறிஞ்சுவது கேட்டது. "சரிம்மா" என்றான்.

"நீ பொய் சொல்லியிருக்கலாமே" என்று அன்று முழுக்க அம்மாவிடம் சண்டை போட்டேன். அவள் அப்பாவின் சட்டைகளில் ஒவ்வொன்றாக எங்கள் போன் நம்பரைத் தைத்துக்கொண்டிருந்தாள். விரல் வலித்ததால் இடது கையால் ஊசி பிடித்தாள். நான் ஒரே ஒரு கேள்வியை ஒழுங்காகப் படித்திருந்தால் அவள் இன்னும் கொஞ்ச நாள் தாக்குப்பிடித்திருப்பாள். அதை நினைக்காமல் எனக்கு ஒரு நாளும் போவதில்லை.

இரண்டு வாரம் கழித்து இல்லத்துக்குப் போனோம். அப்பாவுக்கு நாலாவது மாடி. அண்ணன் பெட்டியைத் தூக்கிக்கொண்டான். அம்மா அப்பாவின் கையைப் பிடித்திருந்தாள். லிப்டுக்குள் போனதும் அங்கே வேலை செய்யும் பெண் நாலை அழுத்தினாள். கதவு மூடியது. அப்பா அம்மாவின் கையை விட்டுவிட்டு முன்னால் போய்க் கதவில் காதை வைத்தார். நெடுநாள் கழித்து அவர் முகத்தில் பழைய அப்பா தெரிந்தார்.

"சத்தம் சரியில்ல. நிறுத்துங்க" என்றார்.

அந்தப் பெண் சிரித்து, "எல்லாம் சரியாத்தான் இருக்கு தாத்தா" என்றாள். அப்பா என்னைத் திரும்பிப் பார்த்து இன்னொரு தடவை சொன்னார். லிப்ட் மேலே போய்க்கொண்டிருந்தது. நிறுத்துகிற பொத்தான் என் தோளுக்குப் பக்கத்திலேயே இருந்தது. நான் அதை அழுத்தவில்லை.