பன் விலை பதினைந்து

என் அப்பாவும் அண்ணனும் ஆறு வருடமாகப் பேசிக்கொள்வதில்லை. அப்பா பார்த்துவைத்த வேலையை உதறிவிட்டு அண்ணன் தெருமுனையில் பேக்கரி போட்ட அன்றைக்கு மூண்ட சண்டை அது. இரண்டு பேருக்கும் உடம்பெல்லாம் வீம்பு. ஆனாலும் தினமும் காலையில் அப்பா அந்தக் கடைக்குத்தான் போவார். கண்ணாடிப் பெட்டிமேல் பத்து ரூபாய் வைப்பார். அண்ணன் நிமிராமல் ஒரு பன்னைக் காகிதத்தில் சுற்றி நகர்த்துவான். அவ்வளவுதான் உறவு. வீட்டுக்கு வந்து, "இன்னிக்கு கொஞ்சம் கருக விட்டுட்டான்" என்று என்னிடம் குறை சொல்லிக்கொண்டே துணுக்குகூட மிச்சம் வைக்காமல் தின்பார். யாராவது ஒருத்தர் வாயைத் திறந்து தொலைக்கக் கூடாதா என்று எனக்கு ஆற்றாமையாக இருக்கும்.

கடை வாடகை ஏறியதும் அண்ணி களத்தில் இறங்கினாள். பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சர், சும்மா விடுவாளா? சாயங்கால விற்பனையில் மட்டும் விலையை மாற்றி மாற்றிப் பார்த்து, ஒரு ரூபாய் ஏற்றினால் ஒரு நாளைக்கு எட்டு பன் குறைவாக விற்கும் என்று கண்டுபிடித்தாள். ஓர் அட்டைப்பெட்டி மூடியில் எழுதிக் காட்டினாள். இப்போது விலை பத்து, விற்பது நூற்று அறுபது, வரவு ஆயிரத்து அறுநூறு. ஏற்றுவது x என்றால், விலை பத்து கூட்டல் x; விற்பனை நூற்று அறுபது கழித்தல் எட்டு x. இரண்டையும் பெருக்கினால் வரவு.

"x அஞ்சா இருக்கும்போதுதான் வரவு உச்சத்துல நிக்குது. பதினஞ்சு விலை, நூத்திருபது பன், ஆயிரத்து எண்ணூறு. அதுக்கு மேல ஏத்தினா வரவு இறங்க ஆரம்பிச்சுடும்" என்றாள்.

அண்ணன் மூடியையே பார்த்துக்கொண்டிருந்தான். "அப்ப நாப்பது பேர் வரமாட்டாங்க. யார் அந்த நாப்பது?"

"x-க்கு அப்பா அம்மாவெல்லாம் கிடையாதுங்க" என்று அண்ணி சிரித்தாள். நானும் சிரித்தேன். அவன் சிரிக்கவில்லை.

புது விலை எழுதி மாட்டிய காலையில் அப்பா வழக்கம்போலப் பத்தை வைத்தார். பலகையை அவர் எங்கே பார்த்தார்? பத்துக்கே கொடுத்தால் பிச்சை போட்டதாக நினைத்து மறுநாள் வரமாட்டாரே என்று அண்ணனுக்குப் பயம். பன்னைக் கையில் பிடித்துக்கொண்டு, "பதினஞ்சு" என்றான். அப்பா காசை எடுத்துக்கொண்டு திரும்பி நடந்தார். கூப்பிட அவனுக்கு வாய் வரவில்லை. அன்று முழுக்க அவன் சாப்பிடவில்லை என்று அண்ணி பிறகு சொன்னாள்.

இங்கே வீட்டில் அப்பாவுக்குக் கால் தரையில் நிற்கவில்லை. "உன் அண்ணன் என்கிட்ட பேசிட்டான்!"

"என்னப்பா பேசினான்?"

"பதினஞ்சுன்னான்."

எனக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. "இதுக்குத்தானா? சரி, பன் எங்க?"

"கையில பத்துதான் இருந்துச்சு. நாளைக்குப் போய், ஏன்டா இவ்ளோ விலைன்னு கேக்கப்போறேன். பதில் சொல்லித்தானே ஆகணும்? நீ முந்திரிக்கொட்டை மாதிரி முன்னாடியே போய் உளறி வைக்காத."

நான் உளறவில்லை. அன்று சாயங்காலம் அப்பா குளியலறையில் விழுந்தார். அப்புறம் கண் திறக்கவே இல்லை.

கூடத்தில் கிடத்தியிருந்தோம். அண்ணன் அவர் காலடியில் உட்கார்ந்துகொண்டு, "அஞ்சுக்காகத் துரத்தி விட்டுட்டேன்" என்று அதையே திரும்பத் திரும்பச் சொன்னான். அண்ணி சுவரோரம் நின்று வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள். எனக்குத் தாங்கவில்லை.

"அவர் கோவிச்சுக்கலண்ணா. நீ பேசிட்டன்னு துள்ளிக்கிட்டு வந்தாரு. நாளைக்குப் போய், ஏன்டா இவ்ளோ விலைன்னு கேக்கப்போறேன்னாரு."

அண்ணன் என்னையே வெறித்துப் பார்த்தான். பிறகு மெல்ல நகர்ந்து அப்பாவின் முகத்தருகே போய் உட்கார்ந்தான்.

"வாடகை ஏறிடுச்சுப்பா" என்றான். "அதான். நாப்பது பேர் வரமாட்டாங்கன்னு தெரியும்ப்பா. அந்த நாப்பதுல உங்கள வைக்கலப்பா."