சத்தியக்கடதாசி

விடிய ஐந்தரைக்கே அண்டா கொதித்துவிடும். அவித்த நீலக்கால் நண்டை மேசையில் கொட்டினால் பதின்மூன்று பெண்கள் நின்றபடியே ஓடுடைத்துச் சதை எடுக்கவேண்டும். ஓட்டு முள் கையுறையையும் தாண்டி விரலைக் கிழிக்கும். கிழிந்த இடத்தில் உப்புநீர் பட்டால் உயிர் போய் வரும். ஊர்காவற்றுறையில் எங்கள் நண்டுக் கொம்பனி வேலை இதுதான். ஒருநாள் இருக்கக் கதிரை கேட்டதற்கு, "நீங்கள் என்ன கந்தோரில கிளாக்கராயோ வேலை செய்யிறியள்?" என்று சிரித்தவர் முதலாளி அம்பலவாணர்.

அன்றைக்கு அவர் சிரிக்கவில்லை. கையில் ஒரு கட்டுக் கடதாசியோடு வந்து மேசைத் தலைப்பில் நின்றார்.

"வாற செவ்வாய்க்கிழமை கொழும்பில கோபிசங்கற்றை அப்பீல். எல்லாரும் கோட்டுக்குக் குடுக்கிற இந்தச் சத்தியக்கடதாசியில கையெழுத்து வைக்கவேணும்."

கோபிசங்கர் அவருடைய அக்காவின் மகன், எங்களுக்குச் சுப்பவைசராக இருந்தவன். நாலு வருசத்துக்கு முன் எங்களோடு வேலை செய்த பிரேமினியை ஐஸ் அறைக்குள் வைத்துக் கெடுத்தான். யாழ்ப்பாணத்து மேல் நீதிமன்றம் அவள் சொன்னதை நம்பி அவனுக்குப் பத்து வருசம் கொடுத்தது. இப்போது அப்பீல் போட்டுவிட்டுப் பிணையில் திரிகிறான், நாசமாய்ப் போனவன்.

என் பக்கத்தில் நின்ற அன்ரனிட்டா கடதாசியை வாங்கி உரத்து வாசித்தாள். பிரேமினியும் கோபிசங்கரும் விருப்பத்தோடு பழகினவர்கள், அது எங்கள் எல்லாருக்கும் தெரியும் என்று எழுதியிருந்தது.

"சத்தியபாமா, நீர்தான் மூத்த ஆள். நீர் முதல்ல வையும்."

என்னை ஏன் முதலில் கேட்டார் என்று எனக்குத் தெரியும். பிரேமினி என் பக்கத்து வளவுக்காரி, அதனால் என் சொல்லைக் கோடு நம்பும். அன்றைக்கு அவள் நடுங்கிக்கொண்டு வந்து நின்றது என் கிணற்றடியில்தான். நண்டு வேலைக்காரி எவளும் முழுகாமல் வீட்டுக்குள் கால் வைக்கமாட்டாள். அந்த மணம் பாயில் பிடித்தால் போகாது. நான் என்ன ஏதென்று கேட்காமல், "முதல்ல முழுகு பிள்ளை" என்று வாளி வாளியாக அள்ளி ஊற்றினேன். உடுப்பைச் சவர்க்காரத்தில் ஊறப்போட்டேன். பிறகுதான் அவள் வாய் திறந்தாள். அப்போதும் இந்த மடைச்சி என்ன சொன்னேன்? "நாளைக்கு வேலைக்கு வராட்டிச் சனம் கதைகட்டும், பேசாமல் வா." நாலு நாள் கழித்து அவள் தனியே பொலிசுக்குப் போனாள். பொலிஸ் என்னிடம் வந்தபோது, எனக்கு ஒன்றும் தெரியாது என்றேன். வேலை போய்விடும் என்ற பயம்.

ஏன் குளித்தாய், ஏன் அடுத்த நாள் வேலைக்குப் போனாய், ஏன் நாலு நாள் பிந்தினாய் என்று யாழ்ப்பாணத்து வழக்கில் எதிரிச் சட்டத்தரணி அவளைத் துளைத்தெடுத்தார். அவள் சொன்ன சொல் மாறவில்லை, என் பெயரையும் இழுக்கவில்லை. அப்பீலிலும் இதே கேள்விகள்தானாம். ஆனால் அவளைக் கூண்டில் ஏற்றமாட்டார்கள், எழுதிவைத்த அவளுடைய சாட்சியத்தைத்தான் வரிவரியாக நிறுப்பார்கள். ஒரு பெண்ணின் சாட்சியம் நம்பக்கூடியதென்றால் அது ஒன்றே போதும், பிந்தியதற்கும் நியாயமான காரணம் இருந்தால் சரி என்று அரச சட்டத்தரணி சொன்னாராம். அந்தச் சாட்சியத்தை உடைக்கத்தான் இந்தக் கடதாசி.

"ஏலாது ஐயா."

"ஏன் ஏலாது?"

"குளிச்சவள் பொய்க்காரி எண்டு சொல்லுறாங்கள். தண்ணி ஊத்தினது நான். அடுத்த நாள் வேலைக்கு வா எண்டு கூப்பிட்டதும் நான். இதை நான் அண்டைக்கே சொல்லியிருக்கவேணும்."

முதலாளியின் முகம் கறுத்தது. "பொலிசுக்குப் பொய் சொன்னனீர் எண்டு உம்மையும் உள்ள போடுவாங்கள்!"

"போடட்டும்."

"கையெழுத்து வைக்காதவை வெளியால போகலாம். நாளைக்கு வேறை ஆக்கள் வருவினம்."

அன்ரனிட்டா கையுறையைக் கழற்றி மேசையில் எறிந்தாள்.

"நண்டு உடைச்சுப்போட்டு வீட்டுக்குப் போய் முழுகாத ஒருத்தி இஞ்ச நிண்டால் அவள் கையெழுத்து வைக்கட்டும்!"

ஒருத்தியும் அசையவில்லை. பிறகு ஒவ்வொரு கையுறையாக மேசையில் விழுந்தது. பதின்மூன்று பேரும் வெளியே வந்தோம். "நண்டு பழுதாகுதடி!" என்று முதலாளி பின்னால் கத்தினார்.

நேரே பிரேமினி வீட்டுக்குப் போனோம். முற்றத்தில் எங்களைக் கண்டதும் அவள் பயந்துபோனாள். நடந்ததைச் சொன்னோம். நான் உள்ளதை எழுதி அரச சட்டத்தரணியிடம் கொடுக்கப்போகிறேன் என்றேன்.

"இப்ப பிந்திப்போச்சே அக்கா. எடுப்பாங்களோ தெரியாது."

"எடுக்காட்டியும் குடுப்பன். நாங்கள் எல்லாரும் கொழும்புக்கு வாறம்."

அவள் போனை எடுத்து, பஸ்காரரிடம் பதினாலு சீற் கேட்டாள். கேட்டுவிட்டு என்னைப் பார்த்தாள்.

"உங்களை நான் இன்னும் மன்னிக்கேல்லை அக்கா," என்றாள். "ஆனா பஸ்ஸில என்ரை பக்கத்தில இருங்கோ."