மூன்றாம் அலைக்குப் பின்

காற்று துளிகூட இல்லை. துறைக் கம்பத்தின் கயிறு ஆடாமல் நேராகத் தொங்கியது. அதனடியில் ஈரமணலில் குந்தியிருந்த சந்தியாகு வாய்க்குள் மாதாவுக்கான பிரியதத்த மந்திரத்தைச் சொல்லிக்கொண்டிருந்தார். பக்தி மிகுந்து அல்ல. அலைக்கும் அலைக்கும் உள்ள இடைவெளியை அளக்க அந்தத் துறைப் படகுக்காரர்களுக்கு அதைவிட்டால் வேறு கருவி கிடையாது. ஓர் அலை கரையில் விழுந்ததும் மந்திரத்தைத் தொடங்க வேண்டும். மற்ற நாட்களில் பாதி மந்திரம் சொல்வதற்குள் அடுத்த அலை விழுந்துவிடும். அன்றைக்கு மந்திரம் முழுக்க முடிந்து, ஆமென் சொல்லி, ஒரு மூச்சு விட்ட பிறகுதான் விழுந்தது. ஏழு தடவை சொல்லிப் பார்த்துவிட்டார். ஏழு தடவையும் அப்படியேதான்.

தாமிரபரணி கடலில் சேரும் இடத்துக்குக் கொஞ்சம் தெற்கே இருந்தது துறை. சித்திரை மாதம். ஸ்ரீவைகுண்டம் அணைக்கட்டைத் தாண்டி வரும் தண்ணீர் இந்த மாதத்தில் கணுக்கால் அளவுக்குத்தான் ஓடும். அன்று காலை அந்தத் தண்ணீர் கடலுக்குப் போகாமல் திரும்பி மேற்கே ஏறிக்கொண்டிருந்தது. நேற்று காய்ந்து கிடந்த மணலில் இன்று நுரைக்கோடு படிந்திருந்தது. நண்டுகள் வளையை விட்டு மேட்டுக்கு வந்துவிட்டன.

கரையில் உடன்குடிக் கருப்பட்டிச் சாக்குகளை ஆள் உயரத்துக்கு அடுக்கியிருந்தார்கள். கொழும்புக்குப் போகும் கப்பல் ஒரு மைல் தள்ளி நங்கூரமிட்டு நின்றது. சாக்குகளை வத்தை என்னும் சுமைப்படகில் ஏற்றிக் கரையலையைத் தாண்டிக் கப்பலில் சேர்ப்பதுதான் சந்தியாகுவின் வேலை. அவர் அந்த வத்தைக்குத் தண்டல், சுக்கான் பிடிப்பவர். அவர் தம்பி இன்னாசியும் வேறு ஐந்து பேரும் துடுப்புப் போடுவார்கள். வத்தை கம்பெனிக்குச் சொந்தம், உயிர் மட்டும் இவர்களுக்குச் சொந்தம்.

"அண்ணே, இன்னும் என்ன பாக்கிய? கடலு குளம் மாதிரில்லா கெடக்கு," என்று இன்னாசி வந்து நின்றான். இருபத்தைந்து வயது. கல்யாணமாகி ஒரு வருஷம்கூட ஆகவில்லை.

"கெடக்கும் லே, கெடக்கும். தண்ணி ஆத்துக்குள்ள ஏறுதத பாத்தியா? இது கள்ளக்கடலு, சொல்லாம வந்து அடிக்கும்."

இன்னாசி சிரித்தான். ஆனாலும் ஆற்றுப் பக்கம் ஒரு தடவை திரும்பிப் பார்த்தான்.

துறை அலுவலகம் என்பது ஓடு வேய்ந்த ஒற்றை அறை. அங்கே குமாஸ்தா பாக்கியசீலன் உட்கார்ந்திருந்தார். பாளையங்கோட்டை மிஷன் பள்ளிக்கூடத்தில் படித்தவர். இரண்டு வருஷமாகத் தற்காலிக வேலை. நிரந்தரமாக்கச் சொல்லி எழுதிய மனு எந்த மேசையில் தூங்குகிறதோ தெரியாது. சுவரில் காற்றின் அழுத்தம் காட்டும் பாரமானி தொங்கியது, துறையில் எல்லாருக்கும் அது வெறும் 'கண்ணாடி'. கண்ணாடியில் ரசம் இறங்கினாலோ, காற்று வலுத்தாலோ, தூத்துக்குடியிலிருந்து தந்தி வந்தாலோ அவர் கம்பத்தில் கறுப்புக் கொடி ஏற்றலாம். கொடி ஏறினால் யாரும் கடலில் இறங்கக் கூடாது. படகுக்காரர்களுக்குக் கம்பெனி அரைக்கூலி கொடுத்தாக வேண்டும். கொடி ஏறாத நாளில் இறங்க மறுத்தால் அந்த வத்தையும் வேலையும் வேறு ஆட்களுக்குப் போய்விடும்.

"கொடிய ஏத்துங்க ஐயா," என்றார் சந்தியாகு, வாசலில் நின்றபடி.

"காத்தே இல்லையே தண்டல். கண்ணாடியும் எறங்கல. தந்தியும் வரல."

"காத்து இங்கன இல்ல. எங்கனயோ அடிச்சிருக்கு. நாலஞ்சு நாளைக்கு முந்தி, தெக்க எங்கனயோ ரொம்பத் தூரத்துல. அது கெளப்பின அலை இப்பந்தான் வந்து சேருது. காத்து அங்கனயே நின்னு போச்சு, அலை நிக்கல."

"எத வச்சுச் சொல்லுதீரு?"

"மந்திரம் முழுசா முடியுது ஐயா. முடிஞ்ச பொறவுதான் விழுது."

பாக்கியசீலனுக்கு மாதா மந்திரம் தெரியாது, அவருடைய புராட்டஸ்டண்டு சபையில் அதைச் சொல்வதில்லை. ஆனால் அவர் சிரிக்கவில்லை. சட்டைப் பையிலிருந்து கடிகாரத்தை எடுத்துக்கொண்டு கரைக்கு வந்தார். ஓர் அலை விழுந்ததிலிருந்து அடுத்தது விழும்வரை பார்த்தார். பதினெட்டு விநாடி. மறுபடி பார்த்தார். பதினெட்டு. பள்ளிக்கூடத்தில் வாத்தியார் ஒரு நீளக் கயிற்றை உதறிக் காட்டியது அவருக்கு நினைவு வந்தது. கயிறு இருந்த இடத்திலேயே இருக்கும், உதறல் மட்டும் மறுமுனைவரை போகும். மறுமுனையைப் பிடித்திருந்த பையன் கையை உதறிக்கொண்டு கத்தினான்.

அறைக்குத் திரும்பிப் பதிவேட்டைத் திறந்தார். கண்ணாடிக்கு ஒரு கட்டம், காற்றுக்கு ஒரு கட்டம், தந்திக்கு ஒரு கட்டம். பதினெட்டு விநாடியை எழுதக் கட்டம் இல்லை. பேனாவை மையில் தொட்டு வைத்துக்கொண்டு சும்மா இருந்தார்.

அதற்குள் கம்பெனி ஏஜெண்டு ஆவுடைநாயகம் பிள்ளை குடையோடு வந்து சேர்ந்தார். நெற்றியில் திருநீறு, கையில் தங்கச் சங்கிலிக் கடிகாரம்.

"என்ன வே பாக்கியசீலன்? மணி ஏழாகுது. இன்னும் ஒரு சாக்கு எறங்கல?"

"தண்டல் கடல் சரியில்லங்காரு ஐயா. எனக்கும் அப்படித்தான் தோணுது. கொடிய..."

"தோணுதா? தோணுததுக்கெல்லாம் கொடி ஏத்தவா சர்க்காரு உமக்குச் சம்பளம் குடுக்கு? கண்ணாடி என்ன சொல்லுது?"

"அது அப்படியே இருக்கு."

"அப்ப என்ன வே? நாலு மணிக்குக் கப்பக்காரன் நங்கூரத்த எடுத்துருவான். மேல இருந்து கேட்டா, கண்ணாடி நல்லா இருக்கையில ஏன் கொடி ஏத்தினேன்னு நீரு பதில் எழுதுவீரா? உம்ம மனு வேற அங்கன கெடக்கு."

பாக்கியசீலன் பதிவேட்டின் கட்டங்களைப் பார்த்தார். பேனா நுனியில் மை காய்ந்துவிட்டது.

பிள்ளை கரைக்கு இறங்கினார். குடையை மடக்காமலே சந்தியாகுவிடம் பேசினார். கோபம் இல்லை, குரல்கூட உயரவில்லை.

"என்ன வே தண்டல், உமக்கு முடியலன்னா சொல்லிரும். வயசாச்சு, பயம் வரும், தப்பில்ல. தெக்க ரெண்டு வத்த ஆளுக வேல இல்லாமக் கெடக்கானுவ. சொல்லி அனுப்பினா உச்சிக்குள்ள வந்துருவானுவ. பொறவு இந்த வருசம் பூரா அவனுவதான்."

"ஐயா, இன்னைக்கி ஒரு நாளு பொறுங்க. நாளக் காலையில பாப்போம்."

"நாளைக்கி கப்பலு இங்கன நிக்காது." பிள்ளை இன்னாசியின் பக்கம் திரும்பினார். "ஏலே இன்னாசி, நீ எத்தன வருசமாத் துடுப்புப் போடுத?"

"ஒம்பது வருசம் ஐயா."

"சுக்கான் பிடிக்கத் தெரியும்லா? இன்னையில இருந்து நீதான் தண்டல். உங்க அண்ணன் கரையில உக்காந்து செபம் பண்ணட்டும்."

துடுப்புக்காரர்கள் ஐந்து பேரும் மணலைப் பார்த்தார்கள். இன்னாசி அண்ணனைப் பார்த்தான். அவனுக்கும் பயம் இருந்தது, அதை மறைக்க அவனுக்குத் தெரியவில்லை. ஆனால் வத்தை கைவிட்டுப் போனால் ஏழு வீட்டில் அடுப்பு எரியாது. மழைக்காலம்வரை வேலைக்குக் கூப்பிட வேறு ஆள் இல்லை. இதெல்லாம் அவன் முகத்தில் வரிசையாக வந்து போயிற்று.

"போகாத லே," என்றார் சந்தியாகு.

"நான் போகலன்னா தெக்கத்தியான் வருவான்ணே. ரெண்டு மூணு நடதானே. பைய போயிட்டு வாரேன்."

"அப்ப சுக்கான எங்கிட்டக் குடு. நானும் வாரேன்."

"அதெல்லாம் வேண்டாம் வே," என்று பிள்ளை குறுக்கிட்டார். "ஒரு வத்தைக்கு ஒரு தண்டல். நீரு மாட்டேன்னுட்டீரு, அதோட விட்டுரும்."

சுமைக்காரர்கள் சாக்குகளைத் தலையில் ஏற்றி, இடுப்பளவுத் தண்ணீரில் நடந்து வத்தையில் அடுக்கினார்கள். முதல் நடை எந்தச் சேதமும் இல்லாமல் போய்த் திரும்பியது. இரண்டாவது நடையும் அப்படியே. திரும்பி வரும்போது துடுப்புக்காரர்கள் பாட்டுக்கூடப் பாடினார்கள். பிள்ளை சாக்கின் மேல் உட்கார்ந்து இளநீர் குடித்தார். "கள்ளக்கடலாம்," என்று பக்கத்தில் நின்ற காவலாள் கருத்தையாவிடம் சொல்லிச் சிரித்தார். சந்தியாகுவுக்குத் தன்மேலேயே சந்தேகம் வந்துவிட்டது. தம்பி முன்னால் மானம் போயிற்றே என்று வெட்கமாகவும் இருந்தது. தான் சொன்னது பொய்யாகிப் போகட்டும் என்றுதான் மனசார வேண்டிக்கொண்டார்.

மூன்றாவது நடைக்குச் சாக்குகளைக் கூடுதலாக ஏற்றினார்கள். வெயில் ஏறியிருந்தது.

கரையலையைத் தாண்ட ஒரு வழக்கம் உண்டு. பெரிய அலைகள் மூன்று மூன்றாக வரும். மூன்றாவது விழுந்ததும் கடல் கொஞ்ச நேரம் அடங்கும், அந்த அடக்கத்தில் வத்தையைத் தள்ளி ஆழத்துக்குப் போய்விட வேண்டும். அப்பன், பாட்டன் காலத்திலிருந்து அதுதான் கணக்கு. சின்னப் பையன்களுக்குக்கூடத் தெரியும். இன்னாசி சுக்கானைப் பிடித்தபடி எண்ணினான். ஒன்று. கரை அதிர்ந்தது. இரண்டு. மூன்று. மூன்றாவது அலை சாக்கு அடுக்கின் கால்வரை வந்து நனைத்துவிட்டுத் திரும்பியது.

"தள்ளுங்கலே!" என்று கத்தினான் இன்னாசி.

தண்ணீர் திரும்பிப் போன வேகத்தைச் சந்தியாகு பார்த்தார். அடங்கும் கடல் அப்படி இழுக்காது. கால் கீழே மணல் உருவிக்கொண்டு போனது. மூன்று மூன்றாக வருவது இந்தக் கரைக் காற்றில் எழும் அலை. இது இந்தக் காற்றில் எழுந்ததே அல்ல. இதற்கு மூன்று என்ற கணக்கு யார் போட்டுக் கொடுத்தது?

"ஏலே, நில்லு! இன்னும் இருக்கு! முடியல லே!"

இடுப்பளவுத் தண்ணீருக்கு ஓடினார். இன்னாசி திரும்பிப் பார்க்கவில்லை. துடுப்புகள் சேர்ந்து விழும் சத்தத்தில் அவனுக்குக் கேட்டிருக்காது. வத்தை மணல்திட்டைத் தாண்டும் இடத்தில் போய்க்கொண்டிருந்தபோது நான்காவது அலை எழுந்தது. நுரை இல்லை, சத்தம் இல்லை. கடலின் நடுப்பாகம் மட்டும் மெல்ல உயர்ந்துகொண்டே வந்தது. கப்பலின் கீழ்ப்பாதி அதற்குப் பின்னால் மறைந்தது. வத்தை மூக்கைத் தூக்கி அதன்மேல் ஏறி, ஏறி, ஏணி சாத்தியதுபோல் நின்றது. சாக்குகள் அத்தனையும் சரிந்து சுக்கான் பிடித்திருந்தவன்மேல் விழுந்தன. அப்புறம் வத்தை கவிழ்ந்தது. அதன்மேல் ஐந்தாவது அலை விழுந்தது. பிறகு ஆறாவதும்.

ஐந்து பேர் நீந்திக் கரையேறினார்கள். ஒருவனுக்குத் தோள் இறங்கியிருந்தது. சந்தியாகு மூன்று தடவை உள்ளே போனார். மூன்று தடவையும் கடல் அவரைக் கரையிலேயே கொண்டுவந்து போட்டது. நான்காவது தடவை போக விடாமல் நான்கு பேர் பிடித்துக்கொண்டார்கள்.

பிள்ளை எழுந்து நின்றுவிட்டார்.

"சாக்க அலை உருட்டிட்டு வருது பாருங்க! எறங்குங்க! ஒண்ணும் விட்டுறாதீங்க!" என்று சுமைக்காரர்களிடம் கத்திவிட்டு, அலுவலகத்துக்கு வேகமாக நடந்தார்.

பாக்கியசீலன் கம்பத்தடியில் கறுப்புக் கொடியைக் கயிற்றில் கட்டிக்கொண்டிருந்தார். யாரையும் கேட்கவில்லை. முடிச்சை இரண்டு தடவை அவிழ்த்துக் கட்டினார்.

"ஏத்தும் வே, ஏத்தும்," என்றார் பிள்ளை. "ஏழு மணிக்கே ஏறினதா எழுதிரும்."

"ஐயா?"

"கொடிய மீறிப் போனானுவ. அவ்வளவுதான். இல்லன்னா மேல இருந்து உம்மக் கேப்பான், 'உமக்கே தோணியிருக்கே, ஏன் ஏத்தல'ன்னு. நானே சாட்சி சொல்ல வேண்டியிருக்கும். உமக்குப் பிள்ளகுட்டி இருக்குல்லா?"

கொடி மேலே போனது. காற்று இல்லாததால் விரியவில்லை. பாக்கியசீலன் உள்ளே போனார். ஜன்னல் வழியாக அவர் குனிந்த தலை மட்டும் தெரிந்தது. வெகுநேரம் கழித்துப் பேனா மைக்கூட்டுக்குப் போய் வந்தது.

உச்சிப்பொழுதில் ஆற்றுவாய்க்குத் தெற்கே இன்னாசியின் உடல் ஒதுங்கியது. சந்தியாகுவும் துடுப்புக்காரர்களும் தூக்கிவந்து துறை மணலில் கிடத்தினார்கள். நெற்றி நசுங்கியிருந்தது. கண்கள் மூடவில்லை. அவன் மனைவி சலேத்தம்மாள் வீட்டிலிருந்து ஓடிவந்தாள். முதலில் அவளுக்கு அழுகை வரவில்லை. சேலைத் தலைப்பால் அவன் மூக்கிலும் வாயிலும் ஒட்டியிருந்த மணலைத் துடைத்தாள். துடைத்த இடத்தில் ஈ வந்து உட்கார்ந்தது.

பத்தடி தள்ளி, மீட்ட சாக்குகளை வரிசையாக அடுக்கியிருந்தார்கள். அவற்றின்மேல் துறையில் இருந்த ஓலைப்பாய்கள் அத்தனையையும் விரித்திருந்தார்கள்.

"அத்தான், இவர மூட ஒரு பாயி கேளுங்க," என்றாள் சந்தியாகுவிடம்.

சந்தியாகு போய் நின்றார். கருத்தையா பாய் முனைகளில் கல் வைத்துக்கொண்டிருந்தான். நல்லவன்தான். காலையில் இன்னாசியோடு வெற்றிலை போட்டவன். அவன் நிமிர்ந்து சந்தியாகுவின் முகத்தைப் பார்க்காமல் பேசினான்.

"குடுத்துருவேன் அண்ணாச்சி. ஆனா நனஞ்ச கருப்பட்டி, வெயிலு பட்டா இளகி ஓடிரும். பிள்ளவாள் பாய எண்ணி வச்சிட்டுப் போயிருக்காரு. சாயங்காலம் வண்டி வந்துரட்டும், எல்லாத்தையும் எடுத்துக்கிடுங்க."

சந்தியாகு வெறுங்கையோடு திரும்பினார். சலேத்தம்மாள் அவர் கையைப் பார்த்தாள். எழுந்து, இடம் மாறி, இன்னாசியின் தலைமாட்டில் முட்டி போட்டு அவன்மேல் குனிந்துகொண்டாள். உச்சி வெயிலில் ஆள் நிழல் சின்னதாகத்தான் விழும். அது அவன் முகத்தை மட்டும் மறைத்தது.