செரிங்க

"அய்யா கேட்டதும் ஆமாங்கன்னு சொல்லிப்போடு. உள்ள இருந்த நாப்பத்தோரு நாளையே தண்டனையாக் கழிச்சு உட்ருவாங்க. மத்தியானச் சோறு ஊட்டுல."

கோர்ட்டு வராந்தாவில் ஏட்டு நஞ்சுண்டன் இதைக் கருப்புசாமியிடம் சொன்னாலும் பார்வை அவன் மனைவி சின்னத்தாயி மேல் இருந்தது.

சூலூருக்குக் கிழக்கே பாலுசாமிக் கவுண்டர் தோட்டத்தில் கிணற்று மோட்டார் காணாமல் போனது. மறுநாள் போலீஸ் இரண்டு பேரை அழைத்துப் போனது. ஒருவன் கவுண்டரின் தங்கை மகன் மனோஜ்குமார். முந்தின ராத்திரி அவனுடைய மொபெட் கிணற்றுமேட்டில் நின்றதைப் பார்த்தவர்கள் உண்டு. அவனை நாற்காலியில் உட்கார வைத்து, டீ வாங்கிக் கொடுத்து, பத்தரை மணிக்கெல்லாம் அனுப்பிவிட்டார்கள். மற்றவன் அந்தத் தோட்டத்தில் தண்ணீர் கட்டும் கருப்புசாமி. காலனிக்காரன். தரையில் உட்கார வைத்தவர்கள் அவனை அனுப்பவே இல்லை. மோட்டார் இன்றுவரை கிடைக்கவும் இல்லை.

ஆமாம் என்றால் இன்றே வீடு. சின்னத்தாயிக்கும் அது தெரியும். ஆனால் காலனியில் கோபாலசாமி ஒரு கோழிக்காக ஒருமுறை ஆமாம் என்றவன். அதற்குப் பிறகு ஆறு வருஷத்தில் அவனை நாலு தரம் தூக்கிப் போயிருக்கிறார்கள். எந்தத் தோட்டத்தில் எது காணாமல் போனாலும் ஜீப் முதலில் அவன் வாசலுக்குத்தான் வரும்.

"இல்லீங்கன்னு ஒரு சொல்லு. அது போதுங்க," என்றாள் புருஷனிடம்.

"செரி."

அந்தச் 'செரி'தான் அவளைப் பயமுறுத்தியது. அவன் பெரியவர்கள் யாரிடமும் இல்லை என்று சொல்லி அவள் கேட்டதில்லை. வேலை சொன்னால் செரிங்க. திட்டினால் செரிங்க. செய்யாததைச் செய்தாய் என்றாலும் முதலில் செரிங்க. நீங்கள் பேசியது காதில் விழுந்தது, அவ்வளவுதான் அதற்கு அர்த்தம். அந்தப் பக்கத்தில் அது தெரியாதவர்கள் இல்லை.

நீதிபதி தஞ்சாவூர்ப் பக்கத்துக்காரர். வந்து இரண்டு மாதம்தான்.

"மோட்டாரைத் திருடியதாக உன்மேல் வழக்கு. திருடினாயா?"

"செரிங்க."

பேனா காகிதத்துக்குக் குனிந்தது. சின்னத்தாயி எழுந்துவிட்டாள்.

"சாமி, அது ஒத்துக்கிட்டதில்லீங்க."

"ஏய், உக்காரு," என்று டவாலி அதட்டினான். நீதிபதி கையைக் காட்டி அவனை நிறுத்தினார்.

"பின்னே என்னம்மா அது?"

"நீங்க சொன்னது காதுல உழுந்துச்சுன்னு சொல்றாருங்க. அத்தனதானுங்க."

நீதிபதி பக்கத்திலிருந்த குமாஸ்தா வெங்கடபதியைப் பார்த்தார். "நீங்கள் இந்த ஊர்தானே. அப்படியா?"

வெங்கடபதிக்கு வீட்டில் பத்து ஏக்கர் தோட்டம். அந்தச் சொல்லைக் கேட்காமல் அவருக்கு ஒரு காலையும் விடிந்ததில்லை. காகிதக் கட்டின் ஓரங்களைத் தட்டிச் சமப்படுத்தினார். மறுபடியும் தட்டினார்.

"தெரியலீங்கய்யா."

நீதிபதி சற்று நேரம் அவரையே பார்த்திருந்துவிட்டுக் கூண்டின் பக்கம் திரும்பினார்.

"அந்த மோட்டாரைத் திருடியது நான்தான்," என்றார்.

"செரிங்க," என்றான் கருப்புசாமி.

வக்கீல்கள் சிரித்தார்கள். நீதிபதி சிரிக்கவில்லை.

"இப்போது உன் வாயால் சொல். எடுத்தாயா, எடுக்கவில்லையா?"

அவன் கூண்டுக் கட்டையைப் பிடித்தான். உதடு அசைந்தது. சத்தம் வரவில்லை. நீதிபதி காத்திருந்தார். நெடுநேரம் கழித்து, காலடித் தரையிடம் சொல்வதுபோலச் சொன்னான்.

"எடுக்கலீங்க."

மறுத்தான் என்று எழுதப்பட்டது. சாட்சி விசாரணை பதினைந்து நாள் கழித்து. ஜாமீனுக்குப் பட்டா உள்ள இரண்டு பேர் வேண்டும். ஊரில் பட்டா உள்ளவர்கள் எல்லோரும் கவுண்டரின் பங்காளிகள். ஆகவே திரும்பவும் கோவை ஜெயில்.

விலங்கு மாட்டிக்கொண்டே நஞ்சுண்டன் சொன்னார். "கைக்கு வந்ததக் கெடுத்துப்போட்டயே புள்ள. இந்நேரம் அவன் ஊட்டுக்குப் போயிருப்பான்."

அவள் கருப்புசாமியின் முகத்தைப் பார்த்தாள். கோபமா என்று கண்டுபிடிக்க முடியவில்லை.

கோயமுத்தூர் பஸ்ஸில் ஏட்டும் கருப்புசாமியும் ஏறினார்கள். பின்படியில் அவளும் ஏறினாள்.

"நீ எங்க வார?" என்றார் ஏட்டு.

"டிக்கெட் எடுத்தா ஆரு வேணா வரலாமில்லீங்க."

நஞ்சுண்டன் சன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். அவள் கருப்புசாமியின் இருக்கைக் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். ஒண்டிப்புதூர் தாண்டியதும் அவன் திரும்பாமலே சொன்னான்.

"பயமாப் போச்சு புள்ள."

"எனக்குந்தானுங்க," என்றாள்.