ஏழு படம் நடித்த பெலார்மீனோவின் தொண்டை

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பத்தைந்தில் பெலார்மீனோ ஃபகுந்தெஸ் தன் முதல் படத்துக்காகப் பாடிய பாட்டு, மறுநாள் காலையிலிருந்து அவன் தொண்டையில் இல்லை. வரிகள் நினைவிருந்தன, மெட்டும் நினைவிருந்தது. வாயைத் திறந்தால் காற்றுதான் வந்தது. மற்ற பாட்டெல்லாம் கணீரென்று வந்தன. மைக் புதுசு, பசியோடு இருக்கிறது என்றார் ஒலிப்பதிவாளர். பிரேசிலில், ரியோ நகரத்தின் கத்தும்பி பேட்டையில் அதற்கு மேல் யாரும் விளக்கம் கேட்கவில்லை.

கார்னிவலுக்கு மூன்று வாரம் முன்னால் படம் வெளியாகும்; திருவிழாவுக்குள் அதன் பாட்டு ஊர் வாயில் ஏறிவிட வேண்டும். சர்க்கஸ் கோமாளியாக இருந்த பெலார்மீனோ, திரையில் பாவாடை கட்டிய திருடனாகவும் மாடிப்படியில் உருளும் ஹோட்டல் காவலாளியாகவும் வந்தான். உருண்டு எழுந்த கையோடு பாடுவான். சிரித்த சிரிப்பில் தியேட்டர் நாற்காலிகள் உடைந்தன. திருவிழாவில் ஜனங்கள் அவனைத் தோளில் தூக்கிக்கொண்டு, "பாடுடா பெலார்மீனோ!" என்று கத்துவார்கள். அவன் வாயைத் திறந்து கையை விரிப்பான். ஆயிரம் பேர் அவனுக்காகப் பாடிவிடுவார்கள். அவன் குரல் வரவில்லை என்பதை ஒருவரும் கவனிக்கவில்லை. தோள்மேல் உட்கார்ந்து அவன் அழுததை வேர்வை என்று துடைத்துவிட்டார்கள், பாவி ஜனங்கள்.

படத்தில் பேசிய வசனங்களும் அதே வழியில் போனதால், ஆறாவது படத்தோடு அவன் பேச்சும் தீர்ந்தது. மிஞ்சியது ஒரே பாட்டு. சலவை மூட்டையைத் தலையில் வைத்துப் போன ஜுரெமாவைப் பார்த்து, ட்ராம் படிக்கட்டில் தொங்கிக்கொண்டே அவன் பாடி, அவளைக் கல்யாணம் கட்டிக்கொண்ட பாட்டு அது. ஞாயிறுதோறும் கறுப்பு பீன்ஸ் வேகும்போது அவளுக்கு மட்டும் பாடுவான். ஏழாவது படத்தில் அவனுக்கு ஊமை வேலைக்காரன் வேடம். கடைசிக் காட்சியில் மட்டும் பாட வேண்டும். இயக்குநர் வீடு தேடி வந்து கேட்டார். மாட்டேன் என்று தலையாட்டினான்.

ஜுரெமா துணியைப் பிழிந்துகொண்டே சொன்னாள்: "யோவ், எதுக்கு மூஞ்சியத் தூக்கி வச்சிக்கிட்டு நிக்கிற? போய்ப் பாடு."

அவன் அவளைச் சுட்டிக் காட்டினான்.

"என்னோட பாட்டுதான்யா. அதனாலதான் சொல்றேன். நீ செத்தா அதுவும் உன்கூட குழிக்குள்ள போயிரும். படத்துல இருந்தா, நான் கிழவியானாலும் டிக்கெட் எடுத்துக் கேட்டுக்குவேன்ல?"

போய்ப் பாடினான். விளக்குக்காரர்கள் விளக்கை அணைக்க மறந்து நின்றார்கள். ஜுரெமா அந்தப் படத்தை இருபத்தொன்பது முறை பார்த்தாள்.

அடுத்த கோடையில், ஒரு நண்பகலில், வெக்கை தாங்காமல் ஸ்டுடியோவின் படச்சுருள் அறை தானாகப் பற்றிக்கொண்டது. ஊர் சுற்றித் திரும்பிய பிரதிகளும் அங்கேதான் இருந்தன. அந்தச் சுருள்கள் தண்ணீருக்குள்ளும் எரிபவை. ஏழு படமும் போயின. பெலார்மீனோ தெருவில் உட்கார்ந்து வாய்விட்டு அலறினான், சத்தமே வரவில்லை.

புகை மேலே போகாமல் பேட்டைக்குள் இறங்கியது. முதலில் தீயணைப்புக்காரர் ஒருவர் இருமிவிட்டு, முதல் படப் பாட்டைப் பெலார்மீனோவின் குரலில் பாடினார். மருந்துக்கடைக்காரர் பாவாடைத் திருடனின் வசனத்தைச் சொன்னார். பாதிரியார் படத்து ஹோட்டல் காவலாளியைப் போல் ஏப்பம் விட்டு மன்னிப்புக் கேட்டார். யார் எந்தச் சுருளின் புகையை இழுத்தார்களோ அது அவர்களுக்கு. தெரு முழுக்க அவன் குரல். சிலுவை போட்டுக்கொள்ளாதவர் இல்லை.

ஜுரெமா ஈரக் கையோடு ஓடிவந்து அவன் முன்னால் நின்றாள். எழுந்து வாய்யா என்று சொல்லத்தான் வாயெடுத்தாள். ட்ராம் பாட்டு வந்தது, ஒரு வரி குறையாமல், அவன் குரலில். தன் பாட்டு கேட்பவளுக்கு எப்படி இருந்திருக்கும் என்று அன்றுதான் அவனுக்குத் தெரிந்தது. அவள் பாவாடையைப் பிடித்துக்கொண்டு தேம்பினான்.

மற்றவர்களும் தங்களுக்குக் கிடைத்ததைத் திருப்பிக் கொடுக்காமல் வைத்துக்கொண்டார்கள். ஞாயிறுதோறும் பீன்ஸ் வேகும்போது ஜுரெமா அவன் குரலில் அவனுக்குப் பாடுவாள். அவளுக்குச் சளி பிடித்த நாளில், "பெலார்மீனோவுக்கு இன்னிக்கு ஜலதோஷம் போலிருக்கு" என்பார்கள் அக்கம்பக்கத்தார், ஜன்னலை நன்றாகத் திறந்து வைத்தபடி.