பங்குனியில் நின்ற கல்யாணம்

அஸ்வினிக்குப் பங்குனியில் கல்யாணம் என்று நிச்சயம் செய்திருந்தார்கள். மாப்பிள்ளை ஆனந்தராஜ் விழுப்புரத்துக்காரன், கத்தாரில் கிரேன் ஆபரேட்டர். திண்டிவனத்தில் மண்டபம் பிடித்து, பத்திரிகையும் பாதிக்கு மேல் கொடுத்தாகிவிட்டது. அப்போதுதான் வளைகுடாவில் சண்டை மூண்டது. விமானங்கள் நின்றன.

சமையல்காரரும் கைவிரித்தார். "சிலிண்டர் எங்கயும் கிடைக்கலைங்க. விறகுல சமைக்க மண்டபத்துல வுடமாட்டாங்க."

அப்பா பெரியதம்பி வேறு மல்லாட்டைப் பயிருக்கு உரம் கிடைக்காமல் அலைந்துகொண்டிருந்தார். தெருவில் பாதி வீடுகளில் விறகடுப்பு திரும்ப வந்திருந்தது. அம்மா அஞ்சம்மாளின் கண்கள் புகையில் எந்நேரமும் சிவந்திருந்தன. கல்யாணத்தைத் தள்ளிவைத்தார்கள்.

ஆனந்தராஜ் தினமும் போனில் பேசினான். ஒருநாள் பேச்சின் நடுவே ஏதோ அதிர்ந்தது. "ஒண்ணுமில்ல, எங்கியோ தூரத்துல" என்றான். அதன்பின் அவள் வேலை பார்த்த ஜவுளிக்கடையில் ஷட்டரை இறக்கும் சத்தத்துக்கே அவளுக்குத் தூக்கிவாரிப்போட்டது. அவன் உயிரோடு வந்தால் போதும் என்று மேல்மலையனூர் அம்மனை வேண்டிக்கொண்டாள்.

உயிரோடுதான் வந்தான், வைகாசியில். கம்பெனியை மூடிவிட்டிருந்தார்கள்.

பெரியதம்பி மகளைக் கூப்பிட்டு உட்காரவைத்தார். "கத்தார் வேலைய நம்பித்தான் பொண்ணு குடுக்க ஒத்துக்கினோம். இப்ப அவனுக்கு என்னா இருக்குது? வேற எடம் பாக்கறேம்மா."

"எனக்கு அவருதாம்பா" என்றாள் அஸ்வினி. அப்பாவை அவள் எதிர்த்துப் பேசியது அதுதான் முதல் தடவை.

மறுநாள் சாப்பாட்டு நேரத்தில் ஆனந்தராஜைத் திண்டிவனம் பஸ் ஸ்டாண்டுக்கு வரச்சொன்னாள். பாதியாக இளைத்திருந்தான். ஹாரன் அடித்தபோதெல்லாம் தோளைக் குறுக்கினான்.

"அப்பா வேற எடம் பாக்கறேங்கறாரு. எனக்கு நீங்கதான்னு சொல்லிட்டேன். நீங்க வந்து ஒருவாட்டி பேசுங்க."

அவன் அவள் முகத்தைப் பார்க்கவில்லை. "தூக்கமே வர்றதில்ல அஸ்வினி. அங்க கடைசியில கிரேன்ல ஏறவே முடியல, கை நடுங்குது. வூட்ல வேற கம்பெனி பாத்துத் திரும்ப வெளிநாடு போவச் சொல்றாங்க. என்னை நம்பிக்கினு நீ ஒக்காந்திருந்தா எனக்குத் தாங்காது. உங்க அப்பா சொல்றதக் கேளு."

"நான் சம்பாதிக்கறேன்."

"அது இல்ல" என்றான். "துட்டப் பத்தி இல்ல, நானே பழைய ஆளு இல்ல."

விழுப்புரம் பஸ் வந்ததும் ஏறிக்கொண்டான்.

அவள் கடைக்குத் திரும்பினாள். முகூர்த்தப் புடவை எடுக்க ஒரு குடும்பம் காத்திருந்தது. ஒவ்வொன்றாகப் பிரித்துக் காட்டினாள். பெண்ணுக்கு எந்த நிறம் எடுப்பாக இருக்கும் என்று கேட்டார்கள். அரக்கு எடுப்பாக இருக்கும் என்றாள்.